மயிலை விழுந்த ஷாட்

11 ஜூன் 2024, செவ்வாய்

காலையிலிருந்து ஒரு தொப்பையை அழித்துக்கொண்டிருந்தேன். ஐம்பதைத் தாண்டிய நாயகனின் தொப்பை. கல்லூரி மாணவனாக நடிக்கிறார், சட்டைப் பொத்தான் தெறிக்கப் பார்க்கிறது. ஒவ்வொரு ஃபிரேமாக வயிற்றை உள்ளே தள்ளு, பின்னால் இருக்கும் சுவரை இழுத்து ஒட்டு. சினிமாவுக்கு கிராபிக்ஸ் செய்கிறேன் என்று சொன்னால் நான் என்னமோ டிராகன் பறக்கவிடுகிறேன் என்று நினைக்கிறார்கள். நான் தொப்பையை அழிக்கிறவள். மைக் நிழல், சண்டைக்காரர் இடுப்பில் கட்டிய கம்பி, ரோட்டோரம் நின்று பல்லிளிக்கும் வேடிக்கை சனம், எல்லாவற்றையும் அழிக்கிறவள். ஒழுங்காகச் செய்தால் நான் செய்ததே யாருக்கும் தெரியாது. அதுதான் இந்த வேலையின் லட்சணம்.

மத்தியானம் சுஃப்யான் போனோடு வந்தான். எங்கள் ஸ்டூடியோவில் உருவங்களுக்கு அசைவு கொடுக்கிறவன், கோட்டைமேட்டுப் பையன், கெட்டிக்காரன். போன மாசம் வந்த படத்தின் டைட்டிலைக் காட்டினான். வேன் ஓட்டியவர்கள் பேர் இருக்கிறது. சாப்பாடு போட்டவர் பேர் இருக்கிறது. நாயகன் வளர்க்கும் நாயின் பேர் இருக்கிறது. நாய்! எங்கள் இடத்தில் ஸ்டூடியோ பேர், அதன் கீழே முதலாளி கிருபாசங்கர் பேர், அப்புறம் 'மற்றும் குழுவினர்'.

"நாய்க்கு இருக்கற மரியாதை நமக்கு இல்லக்கா" என்றான் சுஃப்யான். வேலைக்குச் சேர்ந்து பதினோரு வருஷம். பதினோரு வருஷமாக நான் 'மற்றும்'.

நேராக முதலாளி அறைக்குப் போய்க் கத்திவிட்டேன். கிருபாசங்கர் சார் கோபப்படவில்லை. அவர் கோபப்பட மாட்டார், அதுதான் அவரிடம் எரிச்சலே. "ஒக்காரு அம்மணி" என்றார். "அடுத்த படம் நம்ம பக்கத்துக் கதை. ரேக்ளா ரேஸ். மாடு பூராவும் நம்ம வேலை. நீதான் சூப்பர்வைசர். தனி டைட்டில் கார்டு, உன்ற பேரு மட்டும். பேசிப்போட்டேன்."

"எழுதிக் குடுங்க சார்."

சிரித்தார். எழுதியும் கொடுத்துவிட்டார்.

13 ஜூன்

அம்மாவிடம் சொன்னேன். "பேரு போடறாங்களா? அப்பப் பெருசாப் போடச் சொல்லு கண்ணு. மாப்பிள்ளை ஊட்டுக்காரங்க கேட்டா இனிமேலாச்சும் காட்டலாம்." முப்பத்தி நாலு வயசில் எந்த மாப்பிள்ளை, எந்த வீட்டுக்காரங்க! சண்டை போடத் தெம்பில்லை. சிரித்துவிட்டேன்.

1 ஜூலை, திங்கள்

ரேக்ளா படம் வந்துவிட்டது. மாட்டு வண்டிப் பந்தயத்தில் நிஜமாக ஓடியது நாலு ஜோடிதான், மற்ற வண்டிகளையெல்லாம் கம்ப்யூட்டரில் செய்ய வேண்டும். நல்ல வேலை. ரொம்ப நாளைக்கு அப்புறம் எதையும் அழிக்காமல் ஒன்றை உண்டாக்குகிறேன்.

வரதராஜுலு வந்திருந்தார். படத்தின் தயாரிப்பு நிர்வாகி. வெள்ளைச் சட்டை, கையில் ரெண்டு போன், எல்லாவற்றுக்கும் ஒரு சிரிப்பு. படத்தில் மாடு வந்தால் விலங்கு நல வாரியத்தின் சான்றிதழ் வேண்டும், இல்லாவிட்டால் படம் வெளியே வராது. மாடு அடிபடுகிற மாதிரி காட்சி இருந்தால் அது நிஜ மாடு இல்லை, கம்ப்யூட்டரில் செய்தது என்று நிரூபிக்க வேண்டும். செய்த விதத்தை அடுக்கடுக்காகப் பிரித்துக் காட்டும் ஒரு சின்ன வீடியோ கொடுக்க வேண்டும். பிரேக்டவுன் என்போம். முதலில் காலி ரோடு, அதன்மேல் வலைக்கூடாக ஒரு மாடு, அப்புறம் தோல், அப்புறம் புழுதி. கூடவே சூப்பர்வைசர் கையெழுத்து.

"கையெழுத்து நீங்கதானுங்க மேடம்" என்றார் வரதராஜுலு. எனக்குப் பெருமையாகத்தான் இருந்தது.

9 ஜூலை, செவ்வாய்

ஆத்திரம் தாங்கவில்லை. எழுதினால்தான் அடங்கும்.

உச்சக்கட்ட ஷாட் வந்தது. ஒரு ஜோடி கேமராவைப் பார்த்து ஓடி வருகிறது. வலது பக்கம் மயிலை, வெள்ளையில் சாம்பல் பூத்த காங்கயம் காளை. என்ன ஓட்டம்! திமில் ஆடுகிறது, மூக்குக் கயிறு விறைத்து நிற்கிறது, நாலு காலும் தரையில் பட்ட மாதிரியே தெரியவில்லை. நான் எழுந்து நின்று பார்த்தேன். அப்புறம் முன்னங்கால் மடங்கி, கழுத்துக் குத்தி விழுந்தது. வண்டி அதன் மேல் ஏறிக் கவிழ்ந்தது.

எங்களுக்கு அனுப்பும் காட்சியில் வேலை வசதிக்காக முன்னும் பின்னும் கொஞ்சம் கூடுதலாக விட்டிருப்பார்கள். சத்தம் இருக்காது. அந்தக் கூடுதலில் வண்டி ஓட்டியவன் உருண்டு எழுந்துகொண்டான். பச்சைத் துண்டு போட்ட ஒருத்தர் ஓடி வந்தார். மாட்டின் தலையைத் தூக்கி மடியில் வைத்தார். வாயைத் திறந்து என்னவோ கத்தினார். யூனிட் ஆள் ஒருவன் அவர் தோளைப் பிடித்து இழுத்தான். மாடு எழுந்திருக்கவே இல்லை. அதோடு படம் முடிந்துவிட்டது.

கூட வந்த குறிப்பு: 'இந்த ஷாட்டில் வேலை எதுவும் வேண்டாம். பிரேக்டவுன் மட்டும் போதும்.'

புரிவதற்கே கொஞ்ச நேரம் ஆனது. செத்தது நிஜ மாடு. அது கம்ப்யூட்டரில் செய்த மாடு என்று நான் ஒரு பொய் வீடியோ செய்ய வேண்டும். அதில் என் கையெழுத்து. அதற்குத்தான் தனி டைட்டில் கார்டு.

இத்தனை வருஷம் பொய்யை நிஜமாக்கிச் சோறு தின்றேன். இப்ப நிஜத்தைப் பொய்யாக்கணுமா? த்தூ.

10 ஜூலை

கிருபாசங்கர் சார், வரதராஜுலு, இயக்குநர் பவன், நான். பவன் சின்ன வயசு, ரெண்டாவது படம். கறுப்புச் சட்டை, கண்ணைப் பார்க்காமல் பேசுகிற ஆள்.

வரதராஜுலு: "ஏனுங்க மேடம், மாட்ட நாங்க வேணும்னா தள்ளியுட்டோம்? கால் இடறிப் போச்சு. ஆக்சிடெண்டுங்க."

"அப்ப ஆக்சிடெண்டுன்னே வாரியத்துல சொல்லுங்க."

"சொன்னா படம் பொட்டிக்குள்ளதானுங்க தூங்கும்."

பவன் அப்போதுதான் வாயைத் திறந்தான். "அந்த ஷாட்ல ஒரு உயிர் இருக்கு மேடம். அத யாராலயும் திரும்ப எடுக்க முடியாது."

"இருந்துச்சுங்க" என்றேன்.

கிருபாசங்கர் சார் பேனா மூடியைக் கழற்றி மாட்டிக்கொண்டே இருந்தார். நான் எழுந்து போயிருக்க வேண்டும். போகவில்லை. பேர் வரப்போகிற ஆசை ஒரு பக்கம் இழுக்கிறதே. ஒரு வழி சொன்னேன். ஓடி வருகிற வரைக்கும் நிஜ மயிலையே இருக்கட்டும், அதில் தப்பில்லை. கால் மடங்குவதற்கு முந்தின அடியிலிருந்து என் மாடு. விழுவதை நான் கம்ப்யூட்டரில் செய்கிறேன். அந்த நிஜ விழுதலைத் தூக்கிக் கடாசுங்கள். அப்போது வாரியத்துக்குச் சொல்வது உண்மையாகிவிடும், கையெழுத்தும் போடுகிறேன்.

"நல்லா வந்தா வெச்சுக்கறேன்" என்றான் பவன். வரதராஜுலு சட்டென்று ஒத்துக்கொண்டார். "அருமையான ரோசனைங்க மேடம்." அவர் அவ்வளவு வேகமாக ஒத்துக்கொண்டது எனக்குப் பிடிக்கவில்லை. ஆனாலும் ஜெயித்துவிட்ட மாதிரிதான் வெளியே வந்தேன்.

12 ஜூலை

சுஃப்யானிடம் எல்லாம் சொன்னேன். முகத்தைத் துடைத்துக்கொண்டான். "நான் அத திரும்பத் திரும்பப் பாக்கோணுமேக்கா. எந்தக் கால் மொதல்ல, எந்தப் பக்கம் கழுத்து, எல்லாம் பாத்துத்தான செய்ய முடியும்?"

ஆமாம் என்றேன்.

21 ஜூலை, ஞாயிறு

காங்கயம் போய் வந்தேன். மாட்டின் தோல், கண், குளம்பு எல்லாம் கிட்டத்தில் படம் பிடித்தால்தான் கம்ப்யூட்டரில் சரியாக வரும். செத்ததைப் பிடிக்க முடியாது. அதன் ஜோடி இருக்கிறது என்று வரதராஜுலுவின் ஆள் விலாசம் கொடுத்தான்.

கிளுவை வேலி போட்ட கொறங்காடு, மாடு மேய்கிற நிலம், ஆடிக் காத்து மண்ணை வாரி அடிக்கிறது. வீட்டுக் கதவைத் திறந்து வந்தவர் அந்தப் பச்சைத் துண்டுக்காரர்தான். கதிர்வேல் என்று பேர். எனக்கு அவரைத் தெரியும், அவருக்கு என்னைத் தெரியாது. என்னமோ திருடி மாதிரி நின்றேன்.

"வாங்கம்மணி, மோர் குடிக்கறீங்களா?" என்றார். ஜோடிக் காளையைக் கட்டுத்தறியிலிருந்து அவிழ்த்து நிறுத்தினார். நான் படம் பிடிக்கும்போது அதன் கழுத்தைச் சொறிந்துகொண்டே பேசினார்.

"ஆஸ்பத்திரிக்குன்னு வேன்ல ஏத்துனாங்க. நானும் வாரேன்னேன். எடமில்லைன்னுட்டாங்க. அப்புறம் ஒரு சேதியும் இல்லீங்க. போன் பண்ணுனா வரதராஜுலு சார் மீட்டிங்குல இருக்காருங்கறாங்க. புள்ளையாட்ட வளத்தி வெச்சது போச்சு."

எனக்கு அங்கேயே வரதராஜுலு குரல்வளையைக் கடிக்கலாம் போல் இருந்தது. "கேஸ் குடுங்கண்ணா" என்றேன்.

"நான்தான மாட்டக் குடுத்தேன்? வாரியத்துல என்னையுந்தான கேப்பாங்க. வேண்டாங்க, நீங்களும் ஒண்ணும் பண்ணிப்போடாதீங்க." காளையைத் திரும்பக் கட்டுத்தறியில் கட்டினார். அப்புறம் கேட்டார். "அது ஓடுனது படத்துல வருமுங்களா? அன்னைக்கு ஓடுனாப்புல அது ஒரு நாளும் ஓடுனதில்லீங்க. என்ற போன்ல ஒண்ணுகூட இல்ல, போனையெல்லாம் புடுங்கி வெச்சுக்கிட்டாங்க."

"வருமுங்கண்ணா. ஓடறது அப்படியே வரும்."

"கீழ உழுவறது?"

"அத நான் எடுத்துடறேன்."

"அது போதுமுங்க" என்றார்.

பஸ்ஸில் ஏறியும் கோபம் அடங்கவில்லை. ஆஸ்பத்திரியாம். வேனில் இடமில்லையாம்.

3 ஆகஸ்ட், ஆடிப் பதினெட்டு

ஊரே ஆற்றங்கரைக்குச் சோறு கட்டிக்கொண்டு போகிறது. நாங்கள் மாடு விழுவதைப் பார்த்துக்கொண்டிருக்கிறோம்.

சுஃப்யான் ஹெட்போனில் பாட்டு வைத்துக்கொண்டுதான் அதைப் பார்க்கிறான். சத்தமே இல்லாத படத்துக்கு எதுக்கடா பாட்டு என்றேன். "கேக்கற மாதிரியே இருக்குதுக்கா" என்றான். கொஞ்ச நேரம் கழித்து எழுந்து கீழே பேக்கரிக்குப் போய்விட்டான். டீ ஆறும் வரை வரவில்லை.

ஆனால் அவன் செய்தது, அடடா! எடை தெரிகிறது. மண்ணில் தோள் உரசுகிறது தெரிகிறது. நான் புழுதியும் நிழலும் போட்டுச் சேர்த்தேன். நிஜம் எங்கே முடிகிறது, நாங்கள் எங்கே தொடங்குகிறோம் என்று எனக்கே பிடிபடவில்லை. என் வேலையைப் பார்த்து நானே கண்ணை மூடிக்கொண்டது இதுதான் முதல் தடவை.

28 ஆகஸ்ட், புதன்

பவன் பார்த்தான். மறுபடி பார்த்தான். "ஓகே" என்றான். அவ்வளவுதான். பாராட்டினால் வாய் வெந்துவிடுமோ?

பிரேக்டவுன் வீடியோ செய்து கொடுத்தேன். காலி ரோடு, வலைக்கூடு, தோல், புழுதி. ஒவ்வொரு அடுக்கும் நிஜமாக நாங்கள் செய்தது. வாரியத்துக்கான தாளில் 'விழும் காட்சி முழுவதும் கணினியில் உருவாக்கப்பட்டது' என்று இருந்தது. ரெண்டு தடவை படித்துவிட்டுக் கையெழுத்துப் போட்டேன். ஒரு எழுத்துகூடப் பொய் இல்லை.

வரதராஜுலு ஜவுளிக்கடைப் பையில் மைசூர்பா டப்பா கொண்டு வந்தார். எடுத்துக்கொள்ளவில்லை. சுஃப்யான் எடுத்துக்கொண்டான், அவன் வீட்டில் பிள்ளைத்தாய்ச்சி இருக்கிறாள்.

9 நவம்பர்

சான்றிதழ் கிடைத்துவிட்டதாம். டைட்டிலில் என் பேரை எழுத்து எழுத்தாகச் சரிபார்க்கச் சொல்லி அனுப்பியிருக்கிறார்கள். பிரவீனா திருமூர்த்தி. அப்பா பேரோடு. அம்மா போனை வாங்கி வைத்துக்கொண்டு தரவே மாட்டேன் என்கிறாள்.

24 ஜனவரி 2025, வெள்ளி

நாசமாப் போனவனுங்க.

நாசமாப் போனவனுங்க நாசமாப் போனவனுங்க

25 ஜனவரி, சனி

நேற்று எழுத முடியவில்லை. இப்போது எழுதுகிறேன்.

காந்திபுரத்தில் முதல் நாள் பகல் காட்சி. அம்மாவைக் கூட்டிக்கொண்டு போனேன், புதுப் புடவை கட்டிக்கொண்டு வந்தாள். பந்தயம் வந்தது. மயிலை ஓடி வந்தது. தியேட்டரே விசிலடித்தது. நான் மூச்சைப் பிடித்துக்கொண்டு என் அடிக்காகக் காத்திருந்தேன், நான் நிஜத்தை விட்டு என் மாட்டுக்கு மாறுகிற அந்த அடி.

மாறவில்லை.

விழுந்தது மயிலை. நிஜ மயிலை. எனக்குத் தெரியாதா? நான் செய்ததில் வலது கொம்பு கடைசியில்தான் மண்ணில் படும். இதில் முதலிலேயே குத்தியது. அந்த ஒவ்வொரு ஃபிரேமும் என் கண்ணுக்குள் இருக்கிறது. வாரியத்துக்கு என் மாட்டைக் காட்டிவிட்டு, படத்தில் செத்த மாட்டை ஒட்டிவிட்டார்கள். பொய் வீடியோ செய்ய மாட்டேன் என்று குதித்தேன். உண்மையான வீடியோவே செய்து கொடுத்துவிட்டேன்! கேட்டதைவிட நல்லதாக! தலையில் மிளகாய் அரைத்துவிட்டார்கள், நானே அம்மி எடுத்துக் கொடுத்திருக்கிறேன்.

முன் வரிசையில் ஒருத்தன் பக்கத்தில் இருந்தவனிடம் சொன்னான். "மாடு உழுவறது மட்டும் அப்பட்டமா கிராபிக்ஸ்னு தெரியுது மாப்ள. மொக்கையாப் பண்ணியிருக்கானுங்க."

நான் எழுந்துவிட்டேன். "அது நெசமாவே செத்ததுடா!" என்று கத்தினேன். எல்லோரும் திரும்பினார்கள். ஒருத்தன் சிரித்தான். அம்மா என் கையைப் பிடித்து உட்காரவைத்தாள். "என்ன கண்ணு, என்னாச்சு?" என்று கேட்டுக்கொண்டே இருந்தாள். கடைசியில் டைட்டில் ஓடியது. கறுப்புத் திரையில் நடுவில் என் பேர் மட்டும். அம்மா கை தட்டினாள். வாந்தி வந்துவிட்டது. நிஜமாகவே தியேட்டர் கக்கூஸில் போய் வாந்தி எடுத்தேன்.

27 ஜனவரி, திங்கள்

கிருபாசங்கர் சாரிடம் நேராகக் கேட்டேன். உங்களுக்குத் தெரியுமா, தெரியாதா?

"கடைசி நேரத்துல டைரக்டர் மாத்திட்டாரு. தெரிஞ்சப்ப பிரிண்ட்டே போயிருச்சு."

"தெரிஞ்சப்ப எங்கிட்டச் சொன்னீங்களா?"

"சொன்னா நீ என்ன பண்ணுவேன்னு எனக்குத் தெரியும் அம்மணி." அவர் குரல் இறங்கியது. "ரெண்டும் ஒண்ணாட்டத்தான இருக்குது? எவனுக்கு வித்தியாசம் தெரியப் போவுது? அவ்வளவு தத்ரூபமா நீ செஞ்சிருக்கற. அதப் பெருமையா நெனைச்சுக்கோ."

பதினோரு வருஷத்தில் அவர் என் வேலையைப் பற்றிச் சொன்ன முதல் நல்ல வார்த்தை. கன்னத்தில் அறைந்திருந்தால்கூட இப்படி வலித்திருக்காது.

சுஃப்யான் மாடிப்படியில் பிடித்துக்கொண்டான். வாரியத்துக்கு எழுதப் போகிறேன் என்றதும் அவன் முகம் மாறியது. "எழுதுனா இந்த ஸ்டூடியோவுக்கு எவன்க்கா இனிமே வேலை குடுப்பான்? ஒரு மாசம் ஆகலக்கா எனக்குக் கொழந்தை பொறந்து. மாடு செத்துருச்சு, இனிமே வராது. உங்க கோவத்துக்கு நாங்களும் சாகணுமா?"

"செத்தத நீதானடா தெனமும் பாத்த?"

"பாத்தேன். அதான் சொல்றேன், போதும்."

அவன் சொல்வதில் தப்பே இல்லை. அதுதான் எனக்கு இன்னும் கோபம். இவனுங்க எல்லோருமாகச் சேர்ந்து, தப்பே செய்யாத சுஃப்யானை என் எதிரில் கொண்டுவந்து நிறுத்திவிட்டார்கள்.

29 ஜனவரி

எழுதி அனுப்பிவிட்டேன். ஒரு பக்கம்தான். நான் கையெழுத்துப் போட்ட ஷாட் வேறு, படத்தில் இருக்கும் ஷாட் வேறு. படத்தில் விழுவது நிஜ மாடு. சந்தேகம் இருந்தால் அந்த ஷாட்டுக்குப் பின்னால் வரும் கூடுதல் ஃபிரேம்களைக் கேட்டு வாங்கிப் பாருங்கள். அந்த ஷாட்டைப் படத்திலிருந்து நீக்க வேண்டும். டைட்டிலிலிருந்து என் பேரையும் நீக்க வேண்டும்.

கடைசி வரியை டைப் அடிக்கக் கை வரவில்லை. நாயாய் அலைந்து வாங்கிய பேர். அடித்தேன்.

30 ஜனவரி

அடையாள அட்டையை வாங்கிக்கொண்டார்கள். என் நாற்காலியில் போட்டிருந்த மெத்தையை எடுத்துக்கொண்டு வந்தேன். அது என் காசில் வாங்கியது.

18 பிப்ரவரி

வரதராஜுலு போன் செய்தார். அதே சிரிப்பு. "ஏனுங்க மேடம், நல்ல கலைஞருங்க நீங்க. இப்படிப் பண்ணிக்கிட்டா அப்புறம் இண்டஸ்ட்ரியில யாருங்க கூப்புடுவாங்க?"

"கதிர்வேலண்ணனோட மாடு எங்கீங்க?" என்று கேட்டேன். "அது எந்த ஆஸ்பத்திரி? பேரு சொல்லுங்க. எங்க பொதைச்சீங்க? இல்ல, எங்க வித்தீங்க?"

வைத்துவிட்டார்.

6 மார்ச், வியாழன்

வாரியத்திலிருந்து பதில் வந்தது. படக் கம்பெனியிடம் விளக்கம் கேட்டிருக்கிறார்கள், கூடுதல் ஃபிரேமையும் கேட்டிருக்கிறார்கள். உடனே தயாரிப்பாளர் பக்கம் சுருதி இறங்கிவிட்டது. 'எடிட்டிங்கில் தவறுதலாகப் பழைய கோப்பு போய்விட்டது' என்று எழுதிக் கொடுத்து, அந்த ஷாட்டை எடுத்துவிடுகிறோம் என்று ஒப்புக்கொண்டார்களாம். தவறுதலாக! முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைக்கிறவர்கள், மாட்டையே மறைக்கப் பார்த்தார்கள். இப்போது பூசணிக்காய் வெளியே தெரிந்ததும் 'அட, இது எப்படி இங்கே வந்தது?' என்கிறார்கள்.

பவனுக்கு ஒன்றும் ஆகாது. அடுத்த படம் அறிவித்துவிட்டான். என் பேரை, நான் கேட்டவுடனே எடுத்துவிட்டார்கள். அதில் மட்டும் ஒரு நாள் தாமதமில்லை.

பேப்பரில் ஒரு மூலையில் நாலு வரி வந்தது. 'பெண் ஊழியர் புகார்.' அதிலும் என் பேர் இல்லை.

ஆனாலும் சொல்லிவிடுகிறேன், ஜெயித்தது நான்தான். அந்த மாடு விழுவதைப் பார்த்து இனிமேல் ஒருத்தனும் மொக்கை கிராபிக்ஸ் என்று சிரிக்க முடியாது. இன்றைக்கு ராகி களி கேட்டு வாங்கி வயிறு நிறையத் தின்றேன்.

24 மார்ச்

திருப்பூரில் வேலை. பனியன் கம்பெனிகள் இணையத்தில் விற்கிற துணிகளின் படத்தைச் சுத்தம் செய்ய வேண்டும். இடுப்பு மடிப்பை அழி, நூல் பிசிறை அழி. மேனேஜர் ஒரு நல்ல பெண். "இதுக்கு முன்னாடி எங்க இருந்தீங்க?" என்றாள். சினிமாவில் என்றேன். "எந்தப் படம்?" என்று கேட்டாள். பேச்சை மாற்றிவிட்டேன்.

சுஃப்யான் சென்னைக்குப் போய்விட்டதாகக் கேள்வி. என்னிடம் சொல்லவில்லை.

14 ஏப்ரல் 2025, திங்கள், சித்திரை ஒன்று

புத்தாண்டுச் சிறப்புப் படமாக டீவியில் அதைப் போட்டார்கள். நான் பார்க்கவில்லை. அம்மாவும் பார்க்கக் கூடாது என்று சொல்லிவிட்டு, மாங்காய்ப் பச்சடிக்கு வெல்லம் தட்டிக்கொண்டிருந்தேன்.

சாயங்காலம் போன். காங்கயத்திலிருந்து கதிர்வேலண்ணன்.

"நல்லா இருக்கறீங்களா அம்மணி? தொந்தரவு பண்றனுங்களா?"

"இல்லீங்கண்ணா, சொல்லுங்க."

"டாக்கீஸுக்கு நான் போகலீங்க. உழுவறதப் பாக்கற தெம்பு எனக்கில்ல. நீங்க கேஸ் குடுத்து அத எடுத்துப்போட்டீங்கன்னு பேப்பர்ல வந்துதுன்னு பையன் படிச்சுச் சொன்னான். அதுல பேரில்ல, ஆனா அது நீங்கதான்னு எனக்குத் தெரியுமுங்க. அன்னைக்கு மோர் குடிச்சுட்டுச் சொன்னீங்களே. அதான் இன்னைக்குத் தெகிரியமா ஊரையே கூட்டி வெச்சு ஒக்காந்தேன். வாசல்ல டீவியத் தூக்கி வெச்சு, பாய் விரிச்சு, பிள்ளைங்களையெல்லாம் முன்னால ஒக்கார வெச்சு. மயிலை வருது பாருங்க, வருது பாருங்கன்னு சொல்லிக்கிட்டே இருந்தனுங்க."

எனக்கு அப்போதே தெரிந்துவிட்டது.

"வரவே இல்லீங்களே அம்மணி. வண்டி கட்டறாங்க, கொடி காட்டறாங்க, அப்புறம் பாத்தா பந்தயம் முடிஞ்சு போச்சு. ஓடறதயே காணமுங்க."

"வெட்டிட்டாங்கண்ணா."

"யாருங்க வெட்டச் சொன்னது?"

"நான்தானுங்க."

ஓடுவதும் விழுவதும் ஒரே ஷாட். 'அந்த ஷாட்டை நீக்க வேண்டும்' என்று எழுதினேன். விழும் பகுதியை என்று எழுதவில்லை. அத்தனை வருஷமும் ஒரு ஃபிரேம் கூடுதல், ஒரு ஃபிரேம் குறைவு என்று பிறரிடம் சண்டை பிடித்தவள், அன்றைக்கு இருந்த ஆத்திரத்தில் அதை எழுத மறந்துபோனேன். அவர்களுக்கு என்ன வந்தது? கத்தரியை வைத்து மொத்தமாக வெட்டிப் போட்டுவிட்டார்கள்.

போனில் பிள்ளைகள் விளையாடுகிற சத்தம் மட்டும் கேட்டது.

"உழுவறதத்தானுங்க எடுக்கோணும்?" என்றார் கடைசியில். "ஓடறத எதுக்குங்க எடுத்தாங்க?"

மன்னிச்சுக்கங்கண்ணா என்றேன், அது அவர் காதில் விழுந்ததா என்று தெரியவில்லை.

"செரிங்க அம்மணி. சாப்பிட்டீங்களா? நல்ல நாளும் அதுவுமா உங்களச் சங்கடப்படுத்திப்போட்டேன். வெச்சர்றேனுங்க."

அவர் ஒரு வார்த்தை திட்டவில்லை. திட்டியிருக்கலாம்.